காமெடி ரிங்டோன் கேட்கும் பையனை மாலை வகுப்பில் சேர்க்கலாமா, விளையாட விடலாமா?

சென்னைப் புறநகரில் அடுக்குமாடிக் குடியிருப்பில் இருக்கும் ஒரு அம்மா கேட்ட கேள்வி இது. மகனுக்கு 7 வயது, மகளுக்கு 11. பையன் அப்பாவின் ஃபோனில் காமெடி ரிங்டோன் செயலியைத் திறந்து வடிவேலு குரல், கவுண்டமணி குரல் என்று தட்டித் தட்டிக் கேட்கிறான். அப்புறம் நாள் முழுக்க அதையே பேசித் திரிகிறான். பள்ளியிலிருந்தும் ஒரு முறை புகார் வந்துவிட்டது. சாயங்காலம் ஐந்து மணிக்குக் கீழே இறங்கினால் ஏழு மணி வரை மற்ற பிள்ளைகளோடு கத்திக்கொண்டு ஓடுகிறான். அந்த நேரத்தில் அபாகஸ், கீபோர்டு என்று ஏதாவது வகுப்பில் போட்டால் உருப்படியாக இருக்காதா, சும்மா விளையாடுவதில் உண்மையாகவே பயன் இருக்கிறதா என்று கேட்கிறார். கடைசியில் போகிறபோக்கில் ஒரு வரி: மகள் பெரியவளாகிக்கொண்டிருப்பதால் இப்போது கீழே அனுப்புவதில்லையாம்.

அந்தக் கடைசி வரிக்கும் வருகிறேன். முதலில் நேரடியாகப் பதில் சொல்லிவிடுகிறேன். அந்த இரண்டு மணி நேரத்தைத் தொடாதீர்கள். உங்கள் பையனின் ஒரு நாளில் அவனே முடிவெடுக்கிற நேரம் அது ஒன்றுதான். ரிங்டோன் செயலியைக் குறையுங்கள், ஆனால் வசனம் பேசுவதைத் தடுக்காதீர்கள். இரண்டும் ஒரே விஷயம் போலத் தெரியலாம். மழலையர் வகுப்பிலும் தொடக்கப் பள்ளியிலும் பல காலம் குழந்தைகளோடு இருந்தவள் என்ற முறையில் சொல்கிறேன், இரண்டும் வேறு வேறு.

ரிங்டோனிலிருந்தே தொடங்கலாம். 2000இல் வந்த நோக்கியா 3310 காலத்தில் ரிங்டோன் என்றால் பீப் ஒலிதான், வேண்டுமானால் சுரங்களை ஒவ்வொன்றாகத் தட்டி நாமே ஒரு மெட்டு அமைத்துக்கொள்ளலாம். மெமரி கார்டு போடும் ஃபோன்கள் வந்த பிறகு நிலைமை மாறியது. ரீசார்ஜ் கடையில் கார்டைக் கொடுத்தால் பாட்டோடு சேர்த்துக் காமெடி பிட்டுகளையும் ஏற்றிக் கொடுத்தார்கள், பேருந்தில் யாருக்காவது அழைப்பு வந்தால் திடீரென்று வடிவேலு அலறுவார், பக்கத்து இருக்கையில் உள்ளவர்களும் சேர்ந்து சிரிப்பார்கள். எல்லா வசனமும் இதற்குச் சரிப்படாது. குரலைக் கேட்ட ஒரு நொடியில் ஆள் யாரென்று தெரிய வேண்டும், படம் பார்க்காமலேயே காட்சி கண்முன் வர வேண்டும், ஐந்தாறு நொடிக்குள் ஏற்ற இறக்கத்தோடு முழுமையாக முடிய வேண்டும், திரும்பத் திரும்ப ஒலித்தாலும் சலிக்கக் கூடாது. வடிவேலுவின் புலம்பலும் கவுண்டமணியின் அதட்டலும் அப்படிப்பட்டவை. சொல்லின் பொருளைவிட அதன் ராகம்தான் முதலில் காதில் விழுகிறது.

இப்போது குழந்தைகளின் விளையாட்டுப் பாட்டுகளை நினைத்துப் பாருங்கள். கொலை கொலையா முந்திரிக்கா, ஒரு குடம் தண்ணி ஊத்தி, பூப்பறிக்க வருகிறோம். எல்லாம் சின்னச் சின்ன வரிகள், ராகம் உண்டு, ஒருவர் கேட்க ஒருவர் பதில் சொல்லும் அமைப்பு உண்டு, பொருள் பல இடங்களில் பிடிபடாது, எத்தனை முறை சொன்னாலும் குழந்தைக்கு அலுக்காது. ஆறேழு வயதுப் பிள்ளைக்குக் காமெடி வசனம் ஏன் இப்படி ஒட்டிக்கொள்கிறது என்பதற்கு வேறு விளக்கம் தேட வேண்டியதில்லை. விளையாட்டுப் பாட்டு இருக்கும் அதே இடத்தில் அதுவும் போய் உட்கார்ந்துகொள்கிறது.

இது நம் ஊர்ப் பிள்ளைகள் கெட்டுப்போனதால் வந்ததும் இல்லை. இங்கிலாந்தில் அயோனா ஓபி, பீட்டர் ஓபி என்ற தம்பதி பள்ளிக்கூடப் பிள்ளைகள் தங்களுக்குள் சொல்லிக்கொள்ளும் பாட்டுகள், விடுகதைகள், கேலிகளை நாடு முழுவதும் இருந்து திரட்டி 1959இல் வெளியிட்டார்கள். அதில் சார்லி சாப்ளின் வருகிறார். திரையில் பார்த்த கோமாளியைத் தெருவுக்குக் கொண்டுவந்து, வரிகளை மாற்றி, தங்கள் பாட்டில் சேர்த்துக்கொண்டார்கள் அந்தப் பிள்ளைகள். உங்கள் பையன் செய்வதும் அதுதான், செயலியை மூடிவிட்டுக் கீழே இறங்கிய பிறகு.

செயலியைத் தட்டிக்கொண்டிருக்கும்போது அவன் செய்வது என்ன? ஒரு பொத்தான், ஒரு ஒலி. சிரிக்கிறான், அடுத்த பொத்தான். அவன் மாற்றுவதற்கு அங்கே எதுவும் இல்லை, எதிரே ஒருவரும் இல்லை, அவன் நிறுத்தினாலும் தொடர்ந்தாலும் ஃபோனுக்குக் கவலை இல்லை. கீழே போய் அதே வசனத்தைச் சொல்லும்போது நிலைமையே வேறு. கரகாட்டக்காரன் (1989) படத்தின் வாழைப்பழக் காட்சியைப் பள்ளி இடைவேளையில் பிள்ளைகள் நடித்துப் பார்த்திருக்கிறேன். படம் வந்து பல ஆண்டுகள் கழித்துப் பிறந்த பிள்ளைகள் அவர்கள். வாழைப்பழம் இல்லை, சாக்பீஸ் துண்டுதான் பழம். ஒருவனுக்கு வரி மறந்துவிட்டது, உடனே அவனாகவே ஒரு காரணத்தைக் கண்டுபிடித்தான், இன்னொன்று பையில் ஓட்டை இருந்து விழுந்துவிட்டது என்று. எதிரில் நின்றவனுக்குப் படத்து வரி அந்த இடத்தில் உதவவில்லை, அவனும் யோசித்தான், அப்படியானால் ஓட்டையைக் காட்டு என்றான். அங்கிருந்து காட்சி எங்கோ போய்விட்டது. அந்தச் சில நிமிடத்தில் அந்த இரண்டு பேரும் நினைவுபடுத்திக்கொண்டார்கள், கேட்டார்கள், எதிராளி என்ன நினைக்கிறான் என்று கணித்தார்கள், புதிதாக ஒன்றை உருவாக்கினார்கள். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை.

வாயாலேயே ரிங்டோன் அடித்து, கையைக் காதில் வைத்து, எதிரில் இருப்பவன் "ஹலோ" சொல்லும் ஆட்டத்தையும் நீங்கள் கவனித்திருக்கலாம். மூன்று வயதிலேயே தொடங்கிவிடுவார்கள். முன்பெல்லாம் கட்டைவிரலையும் சுண்டுவிரலையும் நீட்டி ரிசீவர் ஆக்குவார்கள். இப்போது உள்ளங்கையைத் தட்டையாகக் காதோடு ஒட்டிக்கொள்கிறார்கள், பார்த்த ஃபோன் அப்படி. கையை ஃபோனாகக் கொள்வது சாதாரண விஷயம் இல்லை. ஒரு பொருளை வேறொன்றாகப் பாவித்து, அந்தப் பாவனையை இருவரும் ஒத்துக்கொண்டு, கலைக்காமல் நடத்துவது மனித மனத்தின் பெரிய வேலைகளில் ஒன்று. ரஷ்ய உளவியலாளர் வைகோட்ஸ்கி 1930களிலேயே இதைப் பற்றிப் பேசினார், குச்சியைக் குதிரையாக்கும் குழந்தை பொருளிலிருந்து அதன் அர்த்தத்தைப் பிரித்தெடுக்கப் பழகுகிறது என்று. இன்னொன்றும் சொன்னார். விளையாட்டு என்பது நினைத்ததைச் செய்வது என்று நாம் எண்ணுகிறோம், உண்மையில் அங்கேதான் குழந்தை மிகக் கடுமையான விதிகளுக்குத் தானாகக் கட்டுப்படுகிறது. அவர் வழி வந்த மனுய்லென்கோ 1940களில் அதைச் சோதித்தும் பார்த்தார். சின்னப் பிள்ளைகளைச் சும்மா அசையாமல் நில் என்றால் கொஞ்ச நேரம்தான் நின்றார்கள், காவல்காரனாக விளையாடு என்று சொன்னபோது அதைவிடக் கூடுதல் நேரம் நின்றார்கள். நம் பிள்ளைகள் "ஸ்டேச்சூ" என்று கத்தியதும் ஒற்றைக் காலில் உறைந்து நிற்பதைப் பாருங்கள். வகுப்பில் இரண்டு நிமிடம் கை கட்டி உட்கார முடியாத அதே பையன்தான்.

விதி என்றதும் கோலி. சுவிட்சர்லாந்தில் பியாஜே என்ற ஆய்வாளர் சிறுவர்கள் கோலி ஆடுவதை உட்கார்ந்து கவனித்து, விதி யார் போட்டது, மாற்றலாமா என்று அவர்களிடமே கேட்டு, 1932இல் அதை எழுதினார். சின்னப் பிள்ளைகள் விதி என்பது பெரியவர்கள் கொடுத்தது, மாற்றவே கூடாது என்றார்கள் (அதே நேரம் ஆளுக்கொரு விதியில் ஆடிக்கொண்டும் இருந்தார்கள்). பத்துப் பன்னிரண்டு வயதுக்காரர்கள் எல்லோரும் ஒத்துக்கொண்டால் மாற்றிக்கொள்ளலாம் என்றார்கள். நடுவில் என்ன நடந்தது? சண்டைதான். கோடு தாண்டினாயா இல்லையா, அவுட்டா இல்லையா, இது போங்கு ஆட்டம், நான் வரவில்லை போ என்று ஆயிரம் சண்டை. சண்டை நீண்டால் ஆட்டம் நின்றுவிடும், ஆட்டம் நிற்கக் கூடாதென்றால் ஒத்துப்போக வேண்டும். வேறு யாரும் வந்து தீர்த்து வைக்க மாட்டார்கள் என்பதால்தான் அவர்கள் அதைக் கற்றுக்கொள்கிறார்கள். கிரிக்கெட் பயிற்சி வகுப்பில் கோச் கையைத் தூக்கினால் அவுட், அவ்வளவுதான். அங்கே ஆட்டத் திறமை வளரும், நான் மறுக்கவில்லை. இது வளராது.

நம் பிள்ளைகள் ஆட்டத்தில் எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு ஒன்று உண்டு, ஒப்புக்குச் சப்பாணி. அண்ணனோடு ஒட்டிக்கொண்டு வந்த நாலு வயதுத் தம்பியைத் துரத்திவிட மாட்டார்கள், ஆட்டத்தில் சேர்த்துக்கொள்வார்கள், ஆனால் அவனைத் தொட்டால் அவுட் கிடையாது, அவன் எந்த அணியின் கணக்கிலும் இல்லை. பெயர் இன்றைக்குக் கொஞ்சம் உறுத்துகிறதுதான், வேறு பெயர் வைத்துக்கொள்ளட்டும். ஆனால் இந்த ஏற்பாட்டை எந்தப் பெரியவரும் வகுத்துக் கொடுக்கவில்லை. பல வயதுப் பிள்ளைகள் ஒன்றாக ஆடும்போது மட்டும்தான் இது பிறக்கும். மாலை வகுப்புகள் எல்லாம் வயதுவாரியாகப் பிரித்தவை. அங்கே ஏழு வயதுக்காரன் ஏழு வயதுக்காரர்களை மட்டும்தான் சந்திக்கிறான்.

வகுப்பா விளையாட்டா என்று நேராகவே பார்த்த ஒரு ஆய்வு இருக்கிறது, அதுவும் உங்கள் பையன் வயதுப் பிள்ளைகள். கொலராடோ பல்கலைக்கழகத்தில் யூகோ முனாகாடாவின் குழு 2014இல் வெளியிட்டது. ஆறு ஏழு வயதுள்ள 70 குழந்தைகள் நேரத்தை எப்படிச் செலவிடுகிறார்கள் என்று பெற்றோரிடம் கேட்டுக் குறித்துக்கொண்டு, பிறகு ஒரு வகைப்பாட்டில் வரும் சொற்களைக் குறிப்பிட்ட நேரத்துக்குள் முடிந்த அளவு சொல்லு என்பது போன்ற சோதனைகளை வைத்தார்கள். விலங்குகளைச் சொல்லச் சொன்னால் வீட்டு விலங்கு தீர்ந்ததும் காட்டு விலங்குக்கு, அங்கிருந்து கடலுக்கு என்று குழந்தை தானாகத் தாவ வேண்டும், யாரும் தூண்ட மாட்டார்கள். பெரியவர் நடத்தாத நேரம் அதிகம் இருந்த குழந்தைகள் அப்படித் தானாகத் திட்டமிடும் இடங்களில் நன்றாகச் செய்தார்கள், வகுப்பு நேரம் அதிகம் இருந்தவர்கள் பின்தங்கினார்கள். இது தொடர்பைக் காட்டும் ஆய்வு மட்டுமே, இதனால்தான் அது என்று இதை வைத்துச் சொல்ல முடியாது. இருந்தாலும் சும்மா விட்டால் வீண் என்ற எண்ணத்துக்கு இது துளியும் ஆதரவு தரவில்லை.

இந்த இடத்தில் இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும். பாவனை விளையாட்டு ஆடினால் அறிவு கூடும், கற்பனை கூடும், மதிப்பெண் கூடும் என்று விளையாட்டுப் பள்ளிகளின் விளம்பரத்தில் பார்ப்பீர்கள். வர்ஜீனியா பல்கலைக்கழகத்தின் ஆஞ்சலின் லில்லர்டும் உடன் ஆய்வாளர்களும் 2013இல் அதுவரை வந்த ஆய்வுகளை எல்லாம் திரட்டிப் பார்த்து, பாவனை விளையாட்டுதான் இதற்கெல்லாம் காரணம் என்று சொல்லப் போதிய வலுவான சான்று இல்லை என்று எழுதினார்கள். எனக்கு இதில் வருத்தம் இல்லை. மதிப்பெண்ணுக்காக விளையாட அனுப்பினால் மதிப்பெண் வராத அன்றைக்கு நிறுத்திவிடுவோம். 1989இல் ஐக்கிய நாடுகள் அவை நிறைவேற்றிய குழந்தை உரிமைகள் உடன்படிக்கையின் 31ஆவது பிரிவு ஓய்வையும் விளையாட்டையும் குழந்தையின் உரிமையாகவே சொல்கிறது, இந்தியா 1992இல் அதில் இணைந்தது. எந்தப் பயனையும் நிரூபித்த பிறகு கொடுக்க வேண்டியது என்று அதில் இல்லை.

சரி, சிரிப்புக்கும் விளையாட்டுக்கும் உள்ள உறவைப் பற்றிக் கொஞ்சம். ஜாக் பாங்க்செப் என்ற நரம்பியல் ஆய்வாளர் இளம் எலிகள் ஒன்றோடொன்று புரண்டு விளையாடும்போது சுமார் 50 கிலோஹெர்ட்ஸ் அளவில் கீச்சிடுவதைக் கண்டார். நம் காது 20 கிலோஹெர்ட்ஸ் வரைதான் கேட்கும், அதனால் தனிக் கருவி வைத்துத்தான் கேட்க முடிந்தது. கையால் கிச்சுகிச்சு மூட்டினாலும் எலிகள் அதே ஒலியை எழுப்பின, மூட்டிய கையைத் தேடி மறுபடி வந்தன. குரங்குகளிடம் வாயைத் தளர்வாகத் திறந்து காட்டும் ஒரு முகம் உண்டு, நான் கடிப்பது விளையாட்டுக்குத்தான் என்று சொல்லும் முகம். நம் சிரிப்பு அதிலிருந்து வந்திருக்கலாம் என்று நெதர்லாந்தின் வான் ஹூஃப் 1972இல் எழுதினார். ஆக, சிரிப்பு முதலில் நகைச்சுவைக்கு வந்தது இல்லை, சேர்ந்து புரளும் விளையாட்டுக்கு வந்ததாக இருக்கலாம். வசனம் பேசி, துரத்தி, விழுந்து, சிரித்து எழும் பிள்ளைகள் அந்த இரண்டையும் மறுபடி ஒன்றாக்குகிறார்கள்.

ஆனால் தமிழ்க் காமெடி வசனங்களில் ஒரு சிக்கல் இருக்கிறது. அதை மறைத்துவிட்டு இந்தப் பதிலை எழுதினால் அது நேர்மை இல்லை. நிறைய காட்சிகளில் சிரிப்பு எங்கிருந்து வருகிறது? உதையிலிருந்து. கறுப்பு நிறத்தை, வழுக்கைத் தலையை, குண்டு உடம்பை, திக்குவாயை, பெண்ணின் தோற்றத்தைக் கேலி செய்வதிலிருந்து. பிள்ளைகள் குரலை எடுக்கும்போது இதையும் சேர்த்துத்தான் எடுக்கிறார்கள். பள்ளியிலிருந்து வந்த புகார் என்னவென்று நீங்கள் எழுதவில்லை. வகுப்பு நடக்கும்போது பேசினான் என்றால், இங்கே கூடாது, இடைவேளையில் பேசு என்று சொன்னால் போதும், எந்த இடத்தில் எப்படிப் பேசுவது என்பதை ஏழு வயதில் பிள்ளைகள் நன்றாகவே பிரித்தறிவார்கள். இன்னொரு பிள்ளையை அந்த வசனத்தால் அழைத்தான் என்றால் அது வேறு விஷயம், அங்கே நீங்கள் உட்கார்ந்து பேசத்தான் வேண்டும்.

எப்படிப் பிரித்தறிவது? வார்த்தையை வைத்துப் பார்க்காதீர்கள், யார் எந்த வேஷம் போடுகிறார்கள் என்று பாருங்கள். கவுண்டமணியும் செந்திலும் ஆடுகிறார்கள் என்றால், எப்போதும் ஒரே பிள்ளைதான் செந்திலா? ஒரே பிள்ளைதான் உதை வாங்குகிறதா? மாற்றி மாற்றி வந்தால் அது விளையாட்டு. விலங்குகளின் விளையாட்டுச் சண்டையைக் கவனித்தவர்கள் சொல்வதும் இதைத்தான், பலமுள்ளது தன் பலத்தைக் குறைத்துக்கொள்ளும், கீழே விழுந்து கொடுக்கும், இல்லாவிட்டால் மற்றது ஆட்டத்துக்கு வருவதை நிறுத்திவிடும். கனடாவின் லெத்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் செர்ஜியோ பெல்லிஸ் எலிகளை வைத்துப் பல ஆண்டுகள் இதைப் படித்தவர். உடன் விளையாட இளம் எலிகள் இல்லாமல் வளர்ந்தவற்றின் முன்மூளையில் வளர்ச்சி வேறு மாதிரி இருந்ததையும் அவர் குழு காட்டியது. எலியை வைத்து எல்லாவற்றையும் பிள்ளைக்குச் சொல்லிவிட முடியாது, ஆனால் இந்த ஒரு அடையாளம் மாடியிலிருந்து பார்த்தாலே தெரியும். வேஷம் மாறுகிறதா, கடைசியில் எல்லோரும் சிரிக்கிறார்களா, உதை வாங்கியவன் தானாகவே மறுநாளும் ஆட்டத்துக்கு வருகிறானா. மூன்றுக்கும் ஆமாம் என்றால் நீங்கள் உள்ளே வந்து காபி போடலாம். ஒரு பிள்ளை சிரிக்காமல் நிற்கிறது என்றால் கீழே இறங்குங்கள், உடனே.

நடைமுறைக்கு வருகிறேன். உங்கள் கவலை நியாயமானது, நம் தெருக்களில் ஸ்கூட்டரும் தண்ணீர் லாரியும் போகும் வேகத்தில் பிள்ளைகளை யாரும் கண்ணை மூடிக்கொண்டு விட முடியாது. அதற்காகத் தீர்வு வகுப்பு என்று ஆகிவிடாது. ஒரே குடியிருப்பில் மூன்று நான்கு வீட்டார் பேசி, ஐந்து முதல் ஆறரை வரை எந்த வீட்டிலும் டியூஷன் வைக்காமல் பார்த்துக்கொண்டால் பாதி வேலை முடிந்தது. பிள்ளைகள் விளையாடாமல் போவதற்குப் பெரிய காரணம் ஃபோன் என்று எல்லோரும் சொல்கிறார்கள். நான் பார்த்தவரை அதைவிடப் பெரிய காரணம், கீழே இறங்கினால் அங்கே வேறு பிள்ளை இல்லை என்பது. ஒருவனுக்குத் திங்கள் அபாகஸ், ஒருத்திக்குச் செவ்வாய் பரதம், ஒருவனுக்குப் புதன் இந்தி. எல்லோருக்கும் ஓய்வு இருக்கிறது, ஒன்றாக இல்லை.

ஒரு பெரியவர் ஒரு ஓரத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தால் போதும், தாத்தாவோ பாட்டியோ, முறை வைத்து யாரோ ஒருவர். வண்டி வருகிறதா, தண்ணீர்த் தொட்டி மூடியிருக்கிறதா, மின்பெட்டிப் பக்கம் யாரும் போகிறார்களா என்று மட்டும் பார்க்கட்டும். நடுவராக வேண்டாம். சண்டை வந்தால் பத்து நிமிடம் பொறுங்கள், பெரும்பாலும் டூ விட்டு, பழம் விட்டு, அவர்களே முடித்துக்கொள்வார்கள். முழங்கால் தேய்ந்து வந்தால் கழுவி மருந்து போட்டு அனுப்புங்கள். நார்வேயின் எலன் சாண்ட்செட்டர் 2007இல் குழந்தைகள் தேடிப்போகும் துணிச்சல் விளையாட்டுகளை ஆறாக வகைப்படுத்தினார்: உயரம், வேகம், ஆபத்தான கருவி, நெருப்பு நீர் போன்றவற்றின் அருகாமை, புரண்டு சண்டையிடுவது, காணாமல் போவது. ஐஸ் பாய் ஆடும் பிள்ளை தேடுவது அந்தக் கடைசி ஒன்றை. யாருக்கும் தெரியாத இடத்தில் மூச்சைப் பிடித்துக்கொண்டு தனியாக இருப்பதில் ஒரு பயமும் சுகமும் சேர்ந்து வரும், அது ஒவ்வொரு பிள்ளைக்கும் கொஞ்சம் தேவை.

பொம்மை வாங்காதீர்கள். டென்மார்க்கில் சோரன்சன் என்ற வடிவமைப்பாளர், அழகாகக் கட்டிய விளையாட்டுத் திடல்களைவிடக் கட்டட வேலை நடக்கும் இடங்களிலும் குப்பை மேட்டிலும்தான் பிள்ளைகள் அதிகம் விளையாடுகிறார்கள் என்று கவனித்தார். அதன் விளைவாக 1943இல் கோபன்ஹேகன் அருகே எம்ட்ரூப்பில் பலகை, செங்கல், கயிறு எல்லாம் போட்டு ஒரு திடல் திறந்தார்கள். வீடு கட்டக் கொட்டிய மணல் மேட்டில் ஏறிக் குதித்து, சுரங்கம் தோண்டி, மேஸ்திரியிடம் திட்டு வாங்கிய தமிழ்ப் பிள்ளைகளுக்கு இது புதிய செய்தி இல்லை. பிரிட்ஜ் வந்த அட்டைப் பெட்டி, தென்னை மட்டை, பழைய புடவை, சாக்பீஸ், கொஞ்சம் கயிறு. இவற்றைக் கார் நிறுத்தும் இடத்தில் ஒரு மூலையில் வைத்துவிடுங்கள், குடியிருப்போர் சங்கத்திடம் நீங்களே பேசுங்கள், எதற்கு என்று பிள்ளைகளிடம் சொல்லாதீர்கள்.

ஃபோனைப் பொறுத்தவரை, செயலியைப் பிடுங்கி அழவைக்க வேண்டாம். அவனுக்குப் பிடித்த குரல் ஒன்றை அவனே தேர்ந்தெடுத்து அப்பாவின் ஃபோனுக்கு ரிங்டோனாக வைக்கட்டும், அழைப்பு வரும்போதெல்லாம் கேட்கட்டும், தட்டித் தட்டிக் கேட்பதை அத்தோடு நிறுத்துங்கள். வீட்டில் ஐந்து வயதுக்குள் வேறு குழந்தை இருந்தால் இன்னும் கவனம் வேண்டும். உலக சுகாதார நிறுவனம் 2019இல் சொன்னபடி ஒரு வயதுக் குழந்தைக்குத் திரையே வேண்டாம், இரண்டு முதல் நான்கு வயது வரை ஒரு மணி நேரத்துக்கு மேல் கூடாது. இரவில் நேரம் இருந்தால் நீங்களும் பையனோடு ஒரு காட்சியை நடித்துப் பாருங்கள், வேஷத்தை அவன் கொடுக்கட்டும்.

கீபோர்டு வகுப்பை நான் எதிர்க்கவில்லை. அவனாகக் கேட்டால், வாரத்தில் ஒரு நாள், மாலை விளையாட்டைத் தொடாத நேரத்தில் சேர்க்கலாம். நீச்சல் மட்டும் அவன் கேட்காவிட்டாலும் கற்றுக்கொடுங்கள், அது உயிர் காக்கும் விஷயம். ஆனால் அதை விளையாட்டு நேரக் கணக்கில் எழுதாதீர்கள்.

இப்போது மகள் விஷயம். உங்கள் கேள்வியில் ஒரு வரிதான் அவளுக்கு, எனக்கு அதுதான் அதிகம் உறுத்தியது. பிள்ளைத்தமிழ் பாடியவர்கள் ஆண்பிள்ளைக்குச் சிறுதேரும் சிறுபறையும் வைத்தார்கள் என்றால் பெண்பிள்ளைக்கு அம்மானையும் ஊசலும் வைத்தார்கள், விளையாட்டே இல்லாத பருவத்தை அவளுக்கு வைக்கவில்லை. நற்றிணை 68ஆம் பாட்டில், தோழிகளோடு ஓரை (அக்காலப் பெண்பிள்ளைகளின் விளையாட்டு) ஆடாமல் இளம் பெண்களை வீட்டுக்குள் அடைத்து வைப்பது அறமும் இல்லை, செல்வமும் தேய்ந்துபோகும் என்று பெரியவர்களைக் கொண்டு அன்னைக்குச் சொல்ல வைக்க முடியுமா என்று தலைவியின் தோழி ஏங்குகிறாள். காதலைப் பாடும் அகப்பாட்டு என்பதால் அவள் மனதில் வேறு நோக்கமும் இருக்கிறது. ஆனாலும் அம்மாவிடம் எடுபடும் என்று அவள் தேர்ந்தெடுத்த நியாயம் அதுதான். 

உடம்புக் கணக்கிலும் பாருங்கள். 5 முதல் 17 வயது வரை நாளொன்றுக்குச் சராசரியாக 60 நிமிடம் நன்றாக மூச்சு வாங்கும் அளவுக்கு அசைய வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்வது ஆண், பெண் இருவருக்கும் பொது. கண்ணுக்கும் வெளிச்சம் வேண்டும். சீனாவின் குவாங்சோவில் 12 தொடக்கப் பள்ளிகளில் நடந்த ஆய்வில், சில பள்ளிகளில் முதல் வகுப்புப் பிள்ளைகளுக்கு நாள்தோறும் 40 நிமிடம் கூடுதலாக வெளியே நேரம் கொடுத்தார்கள். மூன்று ஆண்டு முடிவில் அந்தப் பிள்ளைகளில் 30.4 சதவீதம் பேருக்குக் கிட்டப்பார்வை புதிதாக வந்திருந்தது, மற்றப் பள்ளிகளில் 39.5 சதவீதம். 2015இல் வெளியான முடிவு இது. அதில் எந்த விசேஷப் பயிற்சியும் இல்லை, வெளியே இருந்தார்கள், அவ்வளவுதான்.

அவளைத் தனியாக அனுப்பத் தயக்கம் என்றால் அதே வயதுப் பெண்பிள்ளைகள் உள்ள வீடுகளில் முதலில் பேசுங்கள், நாலு பேர் சேர்ந்து இறங்கினால் உங்கள் பயமும் பாதியாகும், அவர்கள் கூச்சமும் குறையும். மாதவிடாய் தொடங்கியிருந்தால் அந்த நாட்களில் ஆடுவதா வேண்டாமா என்பதை அவள் உடம்பு சொல்லும், அவளே முடிவு செய்யட்டும், பொதுத் தடை வேண்டாம். நாற்காலியில் உட்காரும் முறை உங்களுடையதாக இருக்கும் நாளில் தொடங்குங்கள். ஷட்டில் ஆடலாம், ஸ்கிப்பிங் ஆடலாம், தம்பியின் கூட்டத்தில் சேர்ந்து கள்ளன் போலீஸ் ஓடலாம். பதினொரு வயதில் பல பெண்கள் ஓடுவதைக் குறைத்துக்கொண்டு மதில் மேல் உட்கார்ந்து பேசிச் சிரிப்பார்கள், கீழேதானே சும்மா உட்கார்ந்திருக்கிறாய் மேலே வா என்று கூப்பிடாதீர்கள், அதுவும் அவளுடைய விளையாட்டு நேரம்தான்.